வாபஸை வாபஸ் வாங்கப் போய்

எங்கள் வீட்டில் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவோம். நைனாவுக்கு இடது கால் முழங்காலுக்குக் கீழே இல்லை. கிளட்ச் மிதிக்கிற கால். உத்திரமேரூரைச் சுற்றியிருக்கிற கல்குவாரிகளில் ஜல்லி ஏற்றி டிப்பர் லாரி ஓட்டியவர். ஒருநாள் குவாரியில் இறங்கி நடந்தபோது கூர்க்கல் ஒன்று செருப்பைக் கிழித்துக்கொண்டு பாதத்தில் ஏறியது. புண் ஆறவே இல்லை. ரத்தம் எடுத்துப் பார்த்தபோதுதான் சர்க்கரை இருப்பதே தெரிந்தது. பெரியாஸ்பத்திரியில் முதலில் விரல் என்றார்கள், பிறகு பாதம் என்றார்கள், கடைசியில் முழங்காலுக்குக் கீழே என்றார்கள்.

அதற்குப் பிறகு அவருக்குக் கட்டிலும் டிவியும்தான். டிவி பார்த்தார் என்பதைவிட டிவியோடு சண்டை போட்டார் என்று சொல்லலாம். சீரியலில் யாராவது கார் ஓட்டினால் போதும். "கியரே போடாம ஓட்றான் பாரு. ஸ்டியரிங்க இந்த ஆட்டு ஆட்றான், வண்டி நேரா போவுது" என்று கத்துவார். வண்டிக்குள் உட்கார்ந்து ஒரு பெண் அழுதுகொண்டிருப்பாள். அவள் ஏன் அழுகிறாள் என்பது அம்மாவின் காதில் விழவே விழாது. "யோவ், நீ வாய மூடு" என்று அம்மா கத்துவார். இதுதான் எங்கள் வீட்டின் சாயங்காலம்.

நான் ஒரகடம் பக்கம் ஒரு கம்பெனியில் கார்களுக்கு ஒயர் கட்டுகிற வேலை செய்கிறேன். மானாம்பதி கூட்ரோட்டில் கம்பெனி வேன் வந்து ஏற்றிக்கொள்ளும். வேனில் என் பக்கத்தில் உட்காருகிற தோழி காஞ்சிபுரத்துக்காரி. நைனாவின் டிவிச் சண்டையை அவளிடம் ஒருநாள் சொல்லிச் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

"லாரி ஓட்ற கேம் ஒண்ணு கீதுடி. எங்க அண்ணன் ஓட்டுவான். நெஜ லாரி மாதிரியே இருக்கும். கிளட்ச் எல்லாம் வேணாம், கையாலேயே ஓட்டலாம். உங்க நைனாவுக்கு வாங்கிக் குடேன்."

அவளுடைய அண்ணன் புதிதாக ஒன்று வாங்கிவிட்டு, பழைய லேப்டாப்பை விற்கப் பார்த்துக்கொண்டிருந்தார். அதை வாங்கினேன். கேமை விற்கிற கடை முழுக்க இன்டர்நெட்டில்தான். அப்போது தள்ளுபடி போட்டிருந்தார்கள். என் பெயரில் கணக்கு ஆரம்பித்து, என் போனிலிருந்தே பணம் கட்டினேன். என் போன் ஹாட்ஸ்பாட்டோடு லேப்டாப்பைச் சேர்த்து ஒரு தடவை முயன்றேன், எங்கள் காலனியில் கிடைக்கிற நெட்டில் அத்தனை பெரிய கேமை இறக்க முடியவில்லை. தோழியின் வீட்டில் கேபிள் நெட் இருந்ததால் அவள் அண்ணனே இறக்கிக் கொடுத்தார். லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு வேனில் வந்தபோது கைக்குழந்தையைக் கொண்டுவருகிற மாதிரி இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை அம்மா கோயிலுக்குப் பூசைக்குப் போயிருந்தார். கட்டிலுக்கு எதிரே பிளாஸ்டிக் ஸ்டூலைப் போட்டு, லேப்டாப்பை வைத்து, எந்தப் பட்டனுக்கு வண்டி எந்தப் பக்கம் திரும்பும் என்று காட்டினேன். நைனா வெகுநேரம் எதையும் தொடவில்லை. அப்புறம் ஒரு விரலால் தொட்டார். வண்டி நகர்ந்ததும் தலையைப் பின்னால் இழுத்துக்கொண்டார்.

"இன்னா இது, ஸ்டியரிங்கு இந்தப் பக்கம் கீது?"

"வெளிநாடு நைனா. அங்க அப்படித்தான். ரோட்டுல வலது பக்கமாத்தான் போவணும்."

"ரோட்ல ஒரு மாடு இல்ல, ஆடு இல்ல, ஒரு டீக்கட இல்ல. ஆளுங்க எல்லாம் எங்க போய்ட்டானுங்க?"

குறை சொல்லிக்கொண்டேதான் ஓட்டினார். ஆனாலும் ஓட்டினார். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். ஒரு பெரிய டிரெய்லர் லாரி. சரக்கைக் கொண்டுபோய் ஒரு குடோனில் சேர்க்க வேண்டும். குடோன் வரைக்கும் போய்விட்டார். அங்கே டிரெய்லரை ரிவர்ஸ் எடுத்து, தரையில் கட்டம் போட்டிருக்கிற இடத்தில் விட வேண்டும். நைனா வாழ்நாள் முழுக்க டிப்பர் ஓட்டியவர். டிரெய்லர் தொட்டதில்லை. முன்னால் தலை ஒரு பக்கம் போனால் பின்னால் உடம்பு இன்னொரு பக்கம் போனது. மூன்றாவது முறை முயன்றபோது தலையும் உடம்பும் கத்தரிக்கோல் மாதிரி மடிந்து, சுவரில் இடித்து நின்றது. வண்டிக்குச் சேதம் என்று சிவப்பு எழுத்தில் வந்தது.

லேப்டாப்பை டப்பென்று மூடினார்.

"வாபஸ் குடுத்துடு."

"நைனா, இப்பத்தான ஆரம்பிச்ச?"

"சின்னப் புள்ளைங்க வெளாட்ற பொம்மைய வாங்கிக்கினு வந்து என் எதிர்ல வெச்சிகினு கீற. வாபஸ் குடுத்துட்டு பணத்த வாங்கு."

"நிஜமாவா சொல்ற?"

"ஆமாண்றேன் இல்ல."

சாப்பிட்டுவிட்டு மறுபடியும் கேட்டேன். மறுபடியும் அதையேதான் சொன்னார், முன்னைவிடச் சத்தமாக. அம்மாவும் பூசையிலிருந்து வந்து, "அவுருதான் வேணான்றாரு இல்ல, ஏண்டி உசுர வாங்கற?" என்றார். அந்தக் கடையில் ஒரு விதி உண்டு. வாங்கின கேமை ரெண்டு மணி நேரத்துக்கு மேல் ஆடாமல் இருந்தால் ரீஃபண்ட் கேட்கலாம். நைனா அவ்வளவு ஆடியிருக்கவில்லை. போனில் அந்தப் பக்கத்தைத் திறந்தேன். ஏன் வேண்டாம் என்று கேட்டார்கள். எதிர்பார்த்தது போல இல்லை என்பதைத் தொட்டேன். உங்கள் கோரிக்கை கிடைத்தது என்று உடனே மெயில் வந்தது. எவ்வளவு சுலபம் என்று அப்போது நினைத்தேன்.

மறுநாள் வேலை முடிந்து வீட்டுக்கு வந்தபோது டிவி சத்தம் இல்லை. நைனா ஸ்டூலுக்கு எதிரே குனிந்து உட்கார்ந்திருந்தார். லேப்டாப்பிலிருந்து பீப், பீப் என்று சத்தம் வந்துகொண்டிருந்தது, லாரி பின்னால் வரும்போது வருகிற சத்தம்.

"காலைலேர்ந்து அதும்மேலயே குந்திக்கினு கீறாரு" என்று அம்மா அடுப்பங்கரையிலிருந்து சொன்னார். "சோறு இப்பதான் துன்னாரு. நடுவுல கரண்ட் பூட்ச்சி, பேட்டரி எறங்கிட்ச்சி. கரண்ட் ஆபீஸ்காரன அவன் பாட்டன் வரைக்கும் திட்டனாரு."

நைனா என்னை நிமிர்ந்து பார்த்தார். நேற்று கத்தின மனுஷன் இல்லை.

"பாப்பா, விசயம் தெரிஞ்சி போச்சி. ஸ்டியரிங்க எந்தப் பக்கம் ஒடிக்கிறமோ, டிரெய்லரு அதுக்கு எதிர்ப் பக்கமா போவுது. டிப்பர் மாதிரி ஒடிச்சா மடங்கிக்குது. மொதல்ல கொஞ்சமா எதிர்ல ஒடிச்சி, அது திரும்ப ஆரம்பிச்சதும் நாம பின்னாடியே போவணும். பாதி உள்ள வுட்டுட்டேன், பாரு."

பார்த்தேன். பாதி உள்ளேதான் இருந்தது, கோணலாக.

"ஆமா, நேத்து வாபஸ் குடுத்தியே, அத இன்னா பண்ணே?"

"குடுத்துட்டேன் நைனா. நீதான சொன்ன."

"சொன்னேன். இப்ப வேணாம்னு சொல்றேன். போன் போட்டு சொல்லு."

"போன் நம்பர் எல்லாம் கிடையாது."

"போன் நம்பர் இல்லாம ஒரு கடையா? ஆபீஸ் எங்க கீது?"

"எங்கயோ வெளிநாட்டுல."

நைனா என்னையே பார்த்தார். நான் எதையோ மறைக்கிறேன் என்கிற பார்வை. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. வேண்டாம் என்று நான் சொன்னேனா? வாபஸ் என்று நான் கேட்டேனா? ஆனால் அந்த பீப் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு அவரிடம் எப்படிச் சண்டை போடுவது? போனை எடுத்தேன்.

ரீஃபண்ட் பக்கத்தில், கோரிக்கையை ரத்து செய்ய என்று சின்னதாக ஒரு பட்டன் இருந்தது. அப்பாடா என்று தொட்டேன். உங்கள் கோரிக்கை பரிசீலனையில் இருப்பதால் மாற்ற இயலாது என்று வந்தது. பரிசீலனையில் இல்லாத கோரிக்கையை எவன் ரத்து செய்யப் போகிறான்? பிறகு எதற்கு அந்தப் பட்டன்?

அதற்குக் கீழே, எங்களோடு பேசுங்கள் என்று இருந்தது. தொட்டால் ஒரு சின்ன ரோபோ படம் கையாட்டியது. எனக்குத் தெரிந்த இங்கிலீஷில், எனக்கு ரீஃபண்ட் வேண்டாம் என்று எழுதினேன். உங்களுக்கு ரீஃபண்ட் தேவை என்பதைப் புரிந்துகொண்டேன் என்றது. வேண்டாம், வேண்டாம், தயவுசெய்து ரீஃபண்டை நிறுத்துங்கள் என்று எழுதினேன். ரீஃபண்ட் தாமதமாவதற்கு வருந்துகிறோம், உங்கள் கோரிக்கையை அவசரப் பட்டியலில் சேர்த்துவிட்டேன் என்றது.

போனைச் சுவரில் அடிக்கலாம் போல இருந்தது. நிறுத்து என்று கெஞ்சப் போய் நானே அதை வேகப்படுத்திவிட்டு வந்திருந்தேன்.

மறுநாள் காலை வேனில் தோழியிடம் சொன்னேன். அவள் என் போனை வாங்கினாள். "அதுக்கு ரீஃபண்ட்டுன்ற வார்த்த மட்டுந்தான் புரியுதுடி. அந்த வார்த்தையே இல்லாம எழுதணும்" என்றாள். என்னுடைய கேமை நானே வைத்துக்கொள்ள விரும்புகிறேன் என்று இங்கிலீஷில் அழகாக எழுதினாள். ரோபோ சந்தோஷமாகக் கையாட்டியது. அருமை, எந்த கேமை வாங்க விரும்புகிறீர்கள் என்று கேட்டு, பொம்மைக்குப் பாவாடை சட்டை போடுகிற கேம் நாலைந்தைக் காட்டியது. முன்சீட்டில் இருந்தவர்கள் திரும்பிப் பார்க்கிற அளவுக்கு இரண்டு பேரும் சிரித்தோம். இறங்கும்போது எனக்குச் சிரிப்பு போய்விட்டது.

மனுஷர்களோடு பேசவும் ஒரு வழி இருந்தது. ஆனால் அவர்கள் பேச வருகிற நேரம் சரியாக என் ஷிப்ட் நேரம். கம்பெனிக்குள் போனை எடுத்துக்கொண்டு போக முடியாது. வாசலில் லாக்கரில் வைத்துவிட்டுத்தான் போக வேண்டும். சாப்பாட்டு இடைவேளையில் ஓடிவந்து போனை எடுத்தால், உங்களுக்கு முன்னால் பலர் காத்திருக்கிறார்கள் என்று வரும். என் முறை வருவதற்குள் மணி அடித்துவிடும். ஒருநாள் சூப்பர்வைசரிடம் போய் கொஞ்சநேரம் பர்மிஷன் கேட்டேன்.

"எதுக்கும்மா?"

லாரி கேமை என் நைனாவிடமிருந்து பிடுங்கப் போகிறார்கள் என்று எப்படிச் சொல்வது? "பேங்க்குல ஒரு பிரச்சன சார்" என்றேன்.

"பேங்க் பிரச்சனைய லீவ் அன்னிக்கு வெச்சிக்கோ" என்றார்.

பேங்குக்கே ஞாயிற்றுக்கிழமைதான் லீவு. எனக்கும் அன்றைக்குத்தான்.

தோழியின் அண்ணன்தான் ஒரு யோசனை சொல்லி அனுப்பினார். லேப்டாப்பை நெட்டோடு சேர்க்கக் கூடாது. நெட் இல்லாமலே ஆடுகிற மாதிரி மாற்றிவைத்துவிட்டால், பணம் திருப்பிக் கொடுத்த விஷயமே லேப்டாப்புக்குத் தெரியாது. அதுவரை கேம் ஓடிக்கொண்டிருக்கும். அதற்குள் எப்படியாவது கோரிக்கையை நிறுத்திவிடலாம். அப்படியே மாற்றிவைத்தேன். நைனாவிடமும் அம்மாவிடமும் கண்டிப்பாகச் சொன்னேன். இந்த லேப்டாப்புக்கு நெட் காட்டவே கூடாது.

"யாரு காட்டப் போறா? இங்க போனுக்கே ஒழுங்கா டவர் இல்ல" என்றார் அம்மா.

அந்த நாட்களில் நைனா ஓட்டியதை நான் பார்த்திருக்கிறேன். அது விளையாட்டு இல்லை, வேலை. காலையில் முகம் கழுவி, நாஷ்டா முடித்து, சட்டை போட்டுக்கொண்டுதான் ஸ்டூல் முன்னால் உட்காருவார். அம்மா டீ கொண்டுவந்தால் கையில் வாங்கமாட்டார். வண்டியை ரோட்டோரம் கட்டி, எஞ்சினை ஆஃப் பண்ணிவிட்டுத்தான் டம்ளரைத் தொடுவார். "ஓட்டிக்கினே டீ குடிக்கிறவன் டிரைவரே இல்ல" என்பார். மலை மேல் ஒரு பாதை வந்தது. பெருநகர் என்கிற ஊர்ப் பக்கம் செய்யாற்றுப் பாலத்தைத் தவிர உயரமான ரோட்டையே அதிகம் பார்க்காதவர், அந்த மலையில் கியர் கியராக இறங்கியபோது கழுத்தில் வேர்த்திருந்தது. கேமில் மழை பிடித்துக்கொண்டால் எங்களைக் கூப்பிடுவார். "மய பெய்யுது பாரு. வைப்பரு போட்டேன், பாரு."

நூறு நாள் வேலைக்குப் போய்விட்டு வந்து அம்மா கொஞ்சநேரம் பக்கத்தில் உட்காருவார். "இது இன்னா ஊருய்யா? இவ்ளோ நல்ல ரோட்ட போட்டு வெச்சிகினு, நடக்க ஒரு ஆளு கூட இல்ல" என்பார். நைனா அந்த ஊர்க்காரர் மாதிரி பதில் சொல்வார். "இங்க எல்லாம் கார்லதான் போவானுங்க." சீரியல் நேரம் தாண்டிப் போவதை இரண்டு பேருமே கவனிக்கமாட்டார்கள்.

ஆனால் அந்தக் கட்டத்துக்குள் டிரெய்லரை நேராக விடுவது மட்டும் அவருக்குப் பிடிபடவில்லை. வேண்டாம் என்றால் அதைத் தவிர்த்துவிட்டு, குடோன் வாசலிலேயே சரக்கை ஒப்படைக்கலாம். கேமே அதற்கு வழி கொடுக்கிறது. அவர் அப்படிச் செய்யவே இல்லை. ஒவ்வொரு குடோனிலும் மணிக்கணக்காக முன்னால் போய், பின்னால் வந்து, மறுபடியும் முன்னால் போய்க்கொண்டிருந்தார்.

எனக்கு அந்த வாரம் முழுக்க மெயில்தான். ஒவ்வொரு தடவை நான் எழுதும்போதும் அதை ஒரு புதிய புகார் என்று பதிவு செய்தார்கள். புதிய புகார் பதிவானதால் பழைய புகார் முடித்துவைக்கப்பட்டது என்று இன்னொரு மெயில் வரும். அந்தப் பழைய புகாரில்தான் நான் எல்லா விவரமும் எழுதியிருப்பேன். புதியதில் மறுபடியும் முதலிலிருந்து கேட்பார்கள். என்ன கேம், எப்போது வாங்கினீர்கள், எதற்காக ரீஃபண்ட் கேட்கிறீர்கள். எதற்காகக் கேட்கிறேனா! கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. வேன் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

கடைசியில் ஒரு சாப்பாட்டு இடைவேளையில் ஒரு மனுஷன் கிடைத்தார். மனுஷன்தான் என்று எப்படித் தெரிந்தது என்றால், நான் சொன்னதைப் படித்துவிட்டு, உங்கள் அப்பா இப்போது எப்படி இருக்கிறார் என்று கேட்டார். லாக்கர் பக்கத்தில் நின்றபடியே, சாப்பிடாமல், தப்பும் தவறுமாக எல்லாவற்றையும் எழுதினேன். கவலைப்படாதீர்கள், ரீஃபண்டை நிறுத்தும்படி நான் குறிப்பு எழுதிவிட்டேன் என்றார். நன்றி என்று எத்தனை முறை எழுதினேன் என்று தெரியாது. மணி அடித்தும் எழுதிக்கொண்டிருந்தேன். அன்றைக்கு லைனில் என் கை ஒயர் மேல் ஓடிய வேகத்தைப் பார்த்து சூப்பர்வைசரே, "பேங்க் பிரச்சன தீர்ந்துட்ச்சா?" என்று கேட்டார்.

சாயங்காலம் வேனில் தோழிக்கு அவள் போனில் டேட்டா தீர்ந்துவிட்டது. ஏதோ சமையல் வீடியோ பார்க்க என் ஹாட்ஸ்பாட்டைப் போட்டுக் கொடுத்தேன். இரண்டு பேருக்கும் சந்தோஷம். அவள் காஞ்சிபுரத்தில் இறங்கிய பிறகும் அதே நினைப்பில் இருந்ததில் கூட்ரோடு வந்ததே தெரியவில்லை. அவசரமாக இறங்கினேன்.

வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது உள்ளே பீப் சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தேன். டிரெய்லர் நேராக, இரண்டு பக்கமும் சமமாக இடம் விட்டு, கட்டத்துக்குள் வந்துகொண்டிருந்தது. நைனா மூச்சு விடாமல் ஒரு விரலை மட்டும் அழுத்திக்கொண்டிருந்தார். நான் சத்தம் போடாமல் உள்ளே போய் அவர் பின்னால் நின்றேன். என் தோளில் பை. பைக்குள் போன். போனில் ஹாட்ஸ்பாட் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

லாரி பாதி உள்ளே போயிருக்கும்போது படம் நின்றது. பீப் சத்தம் இழுத்துக்கொண்டு அறுந்தது. கேம் தானாக மூடிக்கொண்டது. இந்தப் பொருள் இப்போது உங்கள் கணக்கில் இல்லை என்று ஒரு கட்டம் வந்து நின்றது.

"இன்னா ஆச்சி?" என்றார் நைனா. கை இன்னும் பட்டன் மேலேயே இருந்தது. "கரண்ட் கீதே."

பையிலிருந்து போனை எடுத்துப் பார்த்தபோதுதான் எனக்கு விளங்கியது. வேனில் வரும்போதே மெயில் வந்திருக்கிறது. மகிழ்ச்சியான செய்தி, உங்கள் ரீஃபண்ட் ஏற்றுக்கொள்ளப்பட்டது. நிறுத்துகிறேன் என்று குறிப்பு எழுதின ஆள் வேறு, பணம் கொடுக்கிற ஆள் வேறு. இவர் எழுதின குறிப்பை அவர் பார்க்கவே இல்லை. நெட் இல்லாமல் ஊமையாக இருந்த லேப்டாப் என் பையிலிருந்த ஹாட்ஸ்பாட்டைக் கண்டதும் தானாக ஒட்டிக்கொண்டு, கடையிடம் போய்க் கேட்டிருக்கிறது. கடை இல்லை என்று சொல்லிவிட்டது. பணம் கொடுத்து வாங்கின நான் ஒரு வாரமாகக் கேட்ட எதுவும் அந்தக் கடையின் காதில் ஏறவில்லை. லேப்டாப் கேட்டதற்கு மட்டும் ஒரு நொடியில் பதில்.

நைனாவிடம் எப்படியோ சொல்லி முடித்தேன். அவர் என்னைத் திட்டியிருக்கலாம். திட்டியிருந்தால் நானும் திருப்பிக் கத்தியிருப்பேன், அன்றைக்கு எனக்கு அது தேவையாக இருந்தது. அவர் "சரி வுடு" என்றார். ஸ்டூலைக் காலால் தள்ளப் பார்த்தார். அந்தக் கால் இல்லை என்பது ஒரு கணம் கழித்துத்தான் அவருக்கு நினைவு வந்தது. நான் ஸ்டூலை எடுத்து ஓரமாக வைத்தேன்.

கத்தினது அம்மாதான். "பணம் வேணாம், நீயே வெச்சிக்கோன்னு சொன்னா வேணான்ற கடக்காரன் இந்த உலகத்துல எங்கனா கீறானா? எங்க ஊரு மளிகக்கடக்காரன்கிட்ட சொல்லிப் பாரு, கும்புட்டு வாங்கிக்குவான்."

மறுநாள் அந்த மனுஷனைத் தேடினேன். வேறு ஒருவர் வந்தார். உங்கள் ரீஃபண்ட் வெற்றிகரமாக முடிந்தது, வேறு ஏதாவது உதவி வேண்டுமா என்றார். நேற்று ஒருவர் நிறுத்துவதாகச் சொன்னார் என்றேன். முடிந்த ரீஃபண்டைத் திரும்பப் பெற இயலாது, விருப்பமிருந்தால் மறுபடியும் வாங்கிக்கொள்ளுங்கள் என்றார். சரி, வாங்குகிறேன் என்று அந்தப் பக்கத்துக்குப் போனால், சமீபத்தில் திருப்பிக் கொடுத்த பொருளை உடனே வாங்க முடியாது, சில காலம் காத்திருக்கவும் என்று இருந்தது. சில காலம் என்றால் எவ்வளவு காலம்? அதை யாரும் சொல்லவில்லை. தள்ளுபடியும் முடிந்திருந்தது. திருப்பிக் கொடுத்ததாகச் சொன்ன பணமும் என் கணக்குக்கு இன்னும் வந்து சேரவில்லை.

"பொருளும் பூட்ச்சி, பணமும் வரல" என்றார் அம்மா. அதைப் பக்கத்து வீட்டுக்கும் போய்ச் சொன்னார்.

நைனா கட்டிலுக்கும் டிவிக்கும் திரும்பிப் போனார். சீரியலில் ஒருவன் வளைவில் ஸ்டியரிங்கை விட்டுவிட்டு இரண்டு கையாலும் பேசினான். நான் நைனாவைப் பார்த்தேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. அம்மாவும் அவரைப் பார்த்தார். "யோவ், அவன் கையவே வெக்கல பாரு" என்று அம்மாவே எடுத்துக் கொடுத்தார். "எவனோ எப்டியோ ஓட்டட்டும்" என்றார் நைனா. எத்தனையோ நாள் அவர் வாயை மூடினால் போதும் என்று நினைத்தவர்கள்தான் நாங்கள். அன்றைக்கு அந்த அமைதியில் சோறு இறங்கவில்லை.

வாரக்கணக்கில் தினமும் வேனில் ஏறியதும் அந்தப் பக்கத்தைத் திறந்து பார்ப்பேன். வாங்கு என்கிற பட்டன் சாம்பல் நிறத்தில் செத்துக் கிடக்கும். தோழி என் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வாள். அவளுடைய அண்ணன் பெயரில் வாங்கித் தருவதாகச் சொன்னார்கள். எனக்கு வீம்பு. அந்தக் கடை என் பெயரில் எடுத்தது, என் பெயரிலேயே கொடுக்கட்டும்.

ஒரு காலை அது பச்சை நிறத்துக்கு மாறியிருந்தது. முழு விலை கொடுத்து வாங்கினேன். லேப்டாப்பை மறுபடியும் மடியில் வைத்துக் காஞ்சிபுரத்துக்குக் கொடுத்தனுப்பி, மறுபடியும் இறக்கி வாங்கி வந்தேன். நைனாவிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை. ஸ்டூலைப் போட்டு, லேப்டாப்பைத் திறந்து வைத்தேன்.

அவர் கையைக் கட்டிக்கொண்டு பார்த்தார். "அந்த குடோன்ல வுட்டேனே, அங்க நிக்குதா?"

நானும் அப்போதுதான் பார்த்தேன். விட்ட இடத்திலிருந்து தொடர என்கிற வரி மங்கலாக, தொடவே முடியாமல் இருந்தது. பணத்தோடு சேர்த்து அவர் ஓட்டின தூரத்தையும் அழித்துவிட்டார்கள். புதிய ஆட்டம் மட்டும்தான் இருந்தது. அதில் சொந்த வண்டி கிடையாது. எவனோ ஒரு முதலாளியின் வண்டியைக் கூலிக்கு ஓட்ட வேண்டும்.

"மறுபடியும் மொதல்லேர்ந்தா?"

"மொதல்லேர்ந்துதான் நைனா."

"நெஜத்துலயே நான் கிளீனராத்தான் ஆரம்பிச்சேன். ரெண்டு தடவ கிளீனர் வேல பாக்கணும்னு எனுக்கு எய்தி கீது போல" என்றார். நான் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். எதற்குக் கேட்பது, யாருக்குப் பதிலாகக் கேட்பது என்று தெரியவில்லை.

அன்றைக்கு அவர் அதைத் தொடவில்லை. மறுநாளும் தொடவில்லை. லேப்டாப் ஸ்டூல் மேலேயே மூடிக் கிடந்தது, அம்மா அதன் மேல் முருங்கைக்கீரையை வைத்து ஆய்ந்தார். எனக்கு யார் மேல் கோபப்படுவது என்றே புரியாத ஒரு கோபம். கடை மேல், ரோபோ மேல், முதல்நாளே லேப்டாப்பை மூடின நைனா மேல், வீடியோ கேட்ட தோழி மேல்கூட.

அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் துணி துவைத்துக்கொண்டிருந்தபோது உள்ளே பீப் சத்தம் கேட்டது. நான் போகவில்லை. போனைக் கையில் எடுத்து, ஹாட்ஸ்பாட் அணைந்திருக்கிறதா என்று பார்த்தேன். இப்போது அது தேவையே இல்லை, ஆனாலும் பார்த்தேன். கொஞ்சநேரம் கழித்து சத்தம் நின்றது.

"இந்தாமே! எங்க கீற? வந்து பாரு!" என்று நைனா அம்மாவைக் கூப்பிட்டார். கால் போன பிறகு அவ்வளவு சத்தமாக அவர் யாரையும் கூப்பிட்டதில்லை.

அம்மா பாத்திரம் தேய்த்த கையோடு ஓடினார். நானும் சோப்பு நுரையோடு ஓடினேன். கட்டத்துக்குள் டிரெய்லர் நின்றுகொண்டிருந்தது.

"லாரி நிக்கிது" என்றார் அம்மா. "அதுக்கு இன்னா?"

"எப்டி நிக்கிது பாரு."

அம்மா குனிந்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். "நேராத்தான் நிக்கிது" என்றார். கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு இன்னும் கொஞ்சநேரம் பார்த்துவிட்டு, "சரி, எறங்கி வந்து சோறு துன்னு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அந்தக் கடையிலிருந்து எனக்கு இப்போதும் மெயில் வருகிறது. எங்கள் ரீஃபண்ட் சேவை எப்படி இருந்தது, ஐந்து நட்சத்திரத்தில் எத்தனை தருவீர்கள் என்று கேட்கிறார்கள். ஒரு நட்சத்திரம் கொடுத்து, நாலு வார்த்தை நறுக்கென்று எழுத வேண்டும் என்று ஒவ்வொரு முறையும் கை துறுதுறுக்கும். ஆனால் அதைத் தொட்டால் எதை ஒப்புக்கொண்டதாக எடுத்துக்கொள்வார்களோ என்று பயம். போனை முறைத்துக்கொண்டு நான் உட்கார்ந்திருப்பதை நைனா பார்த்துவிட்டார்.

"இன்னா பாப்பா, மெயிலா?"

"ஒண்ணும் இல்ல. நீ ஓட்டு நைனா."